தப்பு நம்முடையது, பேர் யாருடையது?

'சுயாதீன இசையமைப்பாளர்' என்றொரு சொல் இப்போது நன்றாகப் புழங்குகிறது. பெரிய கம்பெனியின் வாயைப் பார்த்துக்கொண்டு நிற்காதவர், சொந்தமாகக் குழு வைத்துப் பாட்டுப் போடுகிறவர், சின்னப் படங்களுக்குத் தன் இஷ்டப்படி இசை அமைக்கிறவர் என்று அதற்கு அர்த்தம் சொல்கிறார்கள். இருக்கட்டும். ஆனால் வேளாங்கண்ணிப் பக்கம், கீழத்தஞ்சையில், இந்தச் சொல் காதில் விழுந்தால் வேறு மாதிரி ஒலிக்கிறது. எங்க பக்கம் ஆதீனம்ன்னா மடம். மடம்ன்னா நிலம். நிலம்ன்னா பண்ணை. பண்ணைன்னா பண்ணையாள். 'சுயாதீனம்' என்கிற சொல்லுக்குள்ளேயே ஓர் ஆதீனம் சம்மணம் போட்டு உட்கார்ந்திருக்கிறது. ஆகவே முதல் கேள்வி இதுதான்: யார் யாரிடமிருந்து சுயாதீனம்?

சாணிப்பாலும் சவுக்கடியும் வாங்கின பண்ணையாளுக்குச் சட்டம் என்று ஒன்று வந்தது 1952-ல். தஞ்சாவூர் குத்தகைதாரர், பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம். செங்கொடி பிடித்துப் போராடி வாங்கினது. அந்தச் சட்டம் வயலில் வேலை செய்கிறவனைப் பற்றிப் பேசியது. அதே ஆள் ஊரில் சாவு விழுந்தால் தப்பைத் தோளில் மாட்டிக்கொண்டு போய் நிற்க வேண்டியிருந்ததைப் பற்றி எந்தச் சட்டமும் பேசவில்லை. வயல் கூலி, கூலி என்று பேர் பெற்றது. தப்புக் கூலி 'வழக்கம்' என்று பேர் பெற்றது. வழக்கம் என்றால் பேரம் கிடையாது. மாட்டேன் என்று சொல்கிற உரிமை கிடையாது. பாட்டுக்காரன் ஒருவன் சுயாதீனமானவனா இல்லையா என்பதை அளக்க எங்களிடம் இருக்கிற மரக்கால் இதுதான்: அவனால் மாட்டேன் என்று சொல்ல முடிகிறதா?

இந்த மரக்காலை வைத்துக்கொண்டு தமிழ் சினிமா இசையை அளந்து பார்ப்போம். கோபப்படுகிறவர்கள் படட்டும்.

*

1968-ம் வருஷத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அந்த வருஷம் ஜூலையில் 'தில்லானா மோகனாம்பாள்' வந்தது. தஞ்சாவூர் மண்ணின் இசை என்றால் இன்றுவரைக்கும் எல்லோரும் கை காட்டுவது அந்தப் படத்தைத்தான். கே.வி. மகாதேவன் இசை. நாகசுரம் வாசித்தவர்கள் மதுரை எம்.பி.என். சேதுராமன், பொன்னுசாமி சகோதரர்கள். நல்ல வாசிப்பு, யார் இல்லை என்றார்கள்? நாகசுரக்காரர்களும் பிராமண சபாக்களின் வாசலில் பட்ட பாடு நமக்குத் தெரியும். அந்தப் படம் அவர்களுக்கு ஒரு கௌரவத்தை வாங்கிக் கொடுத்தது. சந்தோஷம்.

அதே வருஷம் டிசம்பர் 25. இங்கிருந்து பஸ் ஏறிப் போகிற தூரத்தில் கீழ்வெண்மணி. கூலி நெல்லைக் கூட்டிக் கேட்டதற்காக, செங்கொடியை இறக்க மறுத்ததற்காக, இராமையாவின் குடிசைக்குள் அடைபட்ட 44 பேரை உயிரோடு கொளுத்தினார்கள். பெண்களும் குழந்தைகளும் கிழவர்களும். கீழ்க்கோர்ட்டு கொடுத்த தண்டனையை 1973-ல் சென்னை உயர்நீதிமன்றம் ரத்து செய்தது. காரையும் நிலத்தையும் வைத்திருக்கிற பெரிய மனுஷர்கள் தாங்களே நடந்து போய்த் தீ வைப்பார்களா என்று நீதிக்குச் சந்தேகம் வந்துவிட்டது.

ஒரே வருஷம். ஒரே மாவட்டம். ஒரு சத்தம் திரையில் ஏறியது. இன்னொரு சத்தம் குடிசைக்குள்ளேயே வெந்தது. வெண்மணி எரிந்தது மார்கழியில் என்பதையும் நினைவில் வையுங்கள். சென்னையில் சபாக்கள் பாடிக்கொண்டிருந்த அதே மார்கழி.

1971-ல் 'அன்னை வேளாங்கண்ணி' வந்தது. நம்ம ஊர்ப் பேரிலேயே படம். இசை ஜி. தேவராஜன், கேரளத்து இடதுசாரி நாடக மேடையிலிருந்து வந்த பெரிய மேதை. மாதாவின் அற்புதங்களைச் சொன்ன படம். வெண்மணி எரிந்து மூன்று வருஷம்கூட முழுசாக முடியவில்லை. கடற்கரை இருந்தது, கோவில் இருந்தது, கண்ணீர் இருந்தது. வெண்மணியின் சாம்பல் மட்டும் படக்காரர்களின் கண்ணில் விழவில்லை.

பிறகு சினிமா வெண்மணிக்கும் வந்தது. இந்திரா பார்த்தசாரதியின் 'குருதிப்புனல்' நாவலை வைத்து ஸ்ரீதர் ராஜன் 1983-ல் 'கண் சிவந்தால் மண் சிவக்கும்' எடுத்தார். இசை இளையராஜா. அந்த நாவலின் கோளாறு தெரிந்ததுதான்: பண்ணையாரின் ஆண்மைக் குறையைப் பிரதானமாக்கி, கூலிப் போராட்டத்தையும் சாதியையும் பின்னுக்குத் தள்ளியது. 1997-ல் 'அரவிந்தன்' வெண்மணியைத் தொட்டது. அது யுவன் சங்கர் ராஜாவின் முதல் படம். அப்பாவும் மகனும் வெண்மணிக்கு இசை அமைத்துவிட்டார்கள். வெண்மணிச் சேரியின் தப்புக்காரன் ஒருவன் பேராவது அந்த டைட்டில்களில் ஏறியதா என்று கேட்கிற பழக்கமே நமக்கு வரவில்லை. கேட்காதது யார் குற்றம்? விமர்சகர் குற்றம். ராகம் கண்டுபிடிக்கத் தெரிந்த விமர்சகருக்கு ஆள் கண்டுபிடிக்கத் தெரியவில்லை.

*

தமிழ் சினிமாவில் பறை எங்கே வரும்? நாலே இடம். சாவு வீடு. குத்துப்பாட்டு. சாமியாட்டம். வில்லனின் ஆட்கள் அரிவாளோடு வருகிற காட்சி. காதலுக்குப் பறை வராது. யோசிக்கிற ஆளுக்குப் பறை வராது. படிக்கப் போகிற பையனுக்கு வயலின் வரும், அவன் அப்பன் செத்தால் பறை வரும். இது இசை அறிவா, சாதி அறிவா?

தொல்காப்பியம் நிலத்துக்கு நிலம் பறையைக் கருப்பொருளில் வைத்திருக்கிறது. தெய்வம், உணவு, மரம், விலங்கு, பறவை, பறை, தொழில், யாழ். யாழும் பறையும் ஒரே வரிசையில் இருந்தவை. யாழ் செத்துப்போய் மியூசியத்துக்குப் போயிற்று. பறை உயிரோடு இருந்து சேரிக்குப் போயிற்று. செத்ததைக் கும்பிடுகிறார்கள், உயிரோடு இருப்பதைத் தள்ளி வைக்கிறார்கள். தமிழ்ப் பெருமை பேசுகிறவர்களின் லட்சணம் இது.

எங்க டெல்டாவில் இதற்குத் தப்பு என்றே பேர். தப்பாட்டம். 'தப்பு' என்றால் குற்றம் என்றும் அர்த்தம். எவன் வைத்த பேரோ, அடிக்கிறவனுக்கு அடிக்கும்போதெல்லாம் குற்றம் சாட்டுகிற பேர். மாட்டுத்தோல், மரச்சட்டம், இரண்டு குச்சி. வலது கையில் தடித்த குச்சி, இடது கையில் மெல்லிய நீளக் குச்சி. அடிப்பதற்கு முன்னால் வைக்கோல் தீயில் காட்டி முறுக்கேற்ற வேண்டும். சூடு குறைந்தால் தோல் தொய்யும், சத்தம் செத்துப்போகும். அடுத்தவன் வயலின் வைக்கோலில்தான் நம்ம தப்பு காய்ந்தது. சூடு பார்த்துச் சுருதி சேர்க்கிற இந்தக் கைக்கு எந்தக் கல்லூரியும் பட்டம் கொடுக்கவில்லை. கீபோர்டில் ஒரு கட்டையைத் தட்டினால் 'பறை' வருகிறது இப்போது. அந்தக் கட்டைக்குள் யாருடைய கை இருக்கிறது?

*

இந்தப் பின்னணியில்தான் தென்மாவின் வேலையைப் பார்க்க வேண்டும். சும்மா 'வித்தியாசமான சவுண்டு' என்று சொல்லிவிட்டுப் போவதற்கு அல்ல.

2018 ஜனவரி 6. சென்னை கீழ்ப்பாக்கத்தில் ஒரு மேடை. 'தி கேஸ்ட்லெஸ் கலெக்டிவ்' என்று 19 பேர் ஏறினார்கள். பா. ரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையமும் தென்மாவின் மெட்ராஸ் ரெக்கார்ட்ஸும் சேர்ந்து கட்டின குழு. அயோத்திதாசப் பண்டிதர் சொன்ன சாதியற்ற தமிழர் என்கிற கருத்திலிருந்து எடுத்த பேர். கானா பாடுகிறவர்கள், ராப் பாடுகிறவர்கள், சட்டி அடிக்கிறவர்கள், பறை அடிக்கிறவர்கள், கூடவே கித்தாரும் டிரம்ஸும். இடஒதுக்கீடு பற்றிப் பாட்டு. மாட்டுக்கறி பற்றிப் பாட்டு. அம்பேத்கர் பற்றிப் பாட்டு. சாவு வீட்டுக்கு வெளியே ராத்திரி முழுக்கப் பாடிக்கொண்டிருந்த கானா, காசு கொடுத்து ஒலிபெருக்கி பிடித்த சொந்த மேடையில் நின்றது. அந்தக் குழுவின் இசைவாணி, ஆண்களே ஆண்ட கானாவில் பெண்குரலாக நின்று, 2020-ல் பி.பி.சி.யின் நூறு பெண்கள் பட்டியலுக்குப் போனார். அதே இசைவாணியை, கோவிலுக்குள் போகிற பெண் உரிமை பற்றின பழைய பாட்டு ஒன்றுக்காக 2024-ல் வேட்டையாடினார்கள். பாட்டுக்குப் பதில் பாட்டு இல்லை, போலீஸ் புகார்.

அங்கிருந்து தென்மா சினிமாவுக்கு வந்தார். 2019 டிசம்பரில் அதியன் ஆதிரையின் 'இரண்டாம் உலகப்போரின் கடைசி குண்டு'. பழைய இரும்பு ஏற்றுகிற லாரி டிரைவரின் கதை. காயலாங்கடைத் தொழிலாளி, அவன் லாரிக்குள் வெடிக்காத குண்டு. 2022 ஆகஸ்டில் ரஞ்சித்தின் 'நட்சத்திரம் நகர்கிறது'. பாண்டிச்சேரியில் ஒரு நாடகக் குழு காதலைப் பற்றியும் ஆணவக் கொலையைப் பற்றியும் நாடகம் போடப் பார்க்கிற படம்.

இரண்டாவது படம் எதில் ஆரம்பிக்கிறது? பாட்டுச் சண்டையில். காதலன் நினா சிமோன் கேட்கிறான். காதலி ரெனே இளையராஜா பாட்டை முணுமுணுக்கிறாள். அவனுக்கு எரிச்சல் வருகிறது. சண்டை முற்றி, அவன் வாயிலிருந்து சாதி வந்து விழுகிறது. படித்த, மேல்நாட்டுக் கறுப்புப் பெண்ணின் விடுதலைப் பாட்டைத் தலைமேல் வைத்துக்கொள்கிற ஆசாமிக்கு, பக்கத்தில் படுத்திருக்கிற தலித் பெண்ணின் தொண்டை பொறுக்கவில்லை. தமிழ் முற்போக்குகளின் மூஞ்சிக்கு நேரே பிடித்த கண்ணாடி அது. தூரத்துக் கறுப்பு அழகு. பக்கத்துக் கறுப்பு சத்தம்!

தென்மாவின் பாணி என்று நான் புரிந்துகொள்வது இந்த இடத்திலிருந்துதான். அவர் குழுக்காரர். ஒருத்தர் மேதை, மற்றவன் எல்லாம் வாத்தியக் கருவி என்கிற ஏற்பாட்டிலிருந்து அவர் வரவில்லை. கானாக்காரனின் தொண்டையை இஸ்திரி போட்டு மெல்லிசையாக்குவது அந்தக் குழுவின் வழி இல்லை. கரகரப்பு இருந்தால் கரகரப்போடுதான் மேடை ஏறியது. பறையைக் கித்தாருக்குக் கீழே தாளம் போட வைக்காமல், கித்தாரோடு சரிக்குச் சரி நிற்க வைத்தார்கள். குறை இல்லையா? இருக்கிறது. மேடையில் சத்தத்துக்குச் சத்தம் மோதி, சில பாட்டுகளில் வார்த்தை காணாமல் போகிறது. முழக்கம் பாட்டை விழுங்குகிற இடங்களும் உண்டு. நம்ம ஆள் என்பதற்காகச் சொல்லாமல் விட வேண்டியதில்லை. ஆனால் யார் நிற்கிறார்கள், எங்கே நிற்கிறார்கள் என்கிற கணக்கை மாற்றினது பெரிய காரியம். ஸ்வரக் கணக்குப் போடுகிறவர்களுக்கு இந்தக் கணக்கு பிடிபடாது.

*

இப்போது இரண்டு கூட்டத்தோடு சண்டை போட வேண்டியிருக்கிறது. ஒன்று வெளியே. இன்னொன்று வீட்டுக்குள்ளே.

வெளியே இருப்பவர்கள் பாராட்டுகிறவர்கள்! 'மண் வாசனை', 'அசல்', 'பச்சையான இசை' என்று எழுதுகிறார்கள். பச்சை என்றால் வேகாதது. வேக வைக்கிற வேலை யாருடையது என்று நினைக்கிறீர்கள்? கர்நாடக வித்வான் சாதகம் பண்ணினால் 'பயிற்சி'. தப்புக்காரன் பரம்பரையாகக் கை பழக்கினால் 'இயற்கை'. அவனுக்கு மூளை இருக்கிறது, அவன் தெரிந்து அடிக்கிறான், சாவுக்கு ஓர் அடி, சாமிக்கு ஓர் அடி, ஊர்வலத்துக்கு ஓர் அடி என்று அடிக்கு அடி கணக்கு வைத்திருக்கிறான் என்று ஒப்புக்கொள்ள மனசு வரவில்லை. ஆகவே மண் என்கிறார்கள். வாசனை என்கிறார்கள். எங்களுக்கு மண்ணே கிடையாது சாமிகளா, வாசனையை மட்டும் நாங்கள் என்ன பண்ணுவது?

'சுயாதீனம்' இன்றைக்குத்தான் பிறந்தது என்கிறவர்களுக்கும் ஒரு வார்த்தை. 1960-ல் நிமாய் கோஷின் 'பாதை தெரியுது பார்' படத்துக்கு எம்.பி. சீனிவாசன் இசை அமைத்தார். தொழிலாளர்களின் படம். பெரிய முதலாளிகளுக்கு வெளியே நின்று எடுத்த படம். அதே எம்.பி.எஸ். சினிமா வாத்தியக்காரர்களுக்குச் சங்கம் கட்டினார், அன்றாடம் கூலி கேட்டு நிற்கிறவனுக்கு உரிமை என்று ஒன்று இருக்கிறது என்று காட்டினார். ஜான் ஆபிரகாமின் 'அக்ரஹாரத்தில் கழுதை'யில் (1977) இசையும் அமைத்து, பேராசிரியராக நடிக்கவும் செய்தார். அவர் செய்ததை மறக்க மாட்டோம். ஆனால் சங்கம் ஸ்டூடியோவுக்குள் இருந்தவனைத்தான் சேர்த்தது. ஸ்டூடியோ வாசலுக்கே வராத தப்புக்காரனுக்கு எந்தச் சங்கம்? வர்க்கம் பேசினவர்கள் வாசல் வரைக்கும் வந்தார்கள். சேரிக்குள் வரவில்லை. வெண்மணியை 'கூலிப் போராட்டம்' என்று மட்டும் சொல்லிச் சாதியை விழுங்கின அதே வியாதி.

*

வீட்டுக்குள்ளே இருக்கிற சண்டை கஷ்டமானது. 'பறையே வேண்டாம், தூக்கிப் போடு' என்று நம்ம பெரியவர்கள் பலர் சொல்கிறார்கள். அதில் அர்த்தம் இருக்கிறது. பறை இருக்கிற வரைக்கும் கூப்பிடுவான். கூப்பிட்டால் போக வேண்டும். போனால் குடிகாரன் என்பான், வாடா போடா என்பான். எத்தனையோ ஊரில் நம்ம பையன்கள் தப்பைக் கிழித்து எறிந்துவிட்டுத்தான் தலை நிமிர்ந்தார்கள். மறுத்ததற்கு அடியும் வாங்கினார்கள். அவர்களைப் பார்த்து 'பாரம்பரியத்தை அழிக்காதே' என்று நகரத்திலிருந்து உபதேசம் பண்ணுகிறவன் வாயில் ஒன்று வைக்க வேண்டும்.

சாவோடு நம்மைக் கட்டிப்போட்டது இந்தச் சமூகம். 2004 டிசம்பர் 26-ல் சுனாமி இந்தக் கரையை அடித்தது. வேளாங்கண்ணிக்கு வந்திருந்த யாத்திரைக்காரர்கள் செத்தார்கள், மீனவர் குப்பங்கள் செத்தன. நாகப்பட்டினம் மாவட்டத்தில் மட்டும் ஆறாயிரம் பேருக்கு மேல். அழுகின பிணங்களை எடுக்க யாரைக் கொண்டு வந்தார்கள்? பல ஊர் நகராட்சிகளிலிருந்து துப்புரவுத் தொழிலாளர்களை. அருந்ததியர்களை. கடல் சாதி பார்க்கவில்லை என்று எழுதினார்கள். கடல் பார்க்கவில்லை, வாஸ்தவம். பிணத்தை எடுக்கிற லிஸ்ட் பார்த்தது.

ஆகவே 'பறையை விடு' என்பவர்களை நான் கோழை என்று சொல்ல மாட்டேன். இந்த வாதம் நம்ம முன்னோர்கள் காலத்திலேயே நடந்தது. இரட்டைமலை சீனிவாசன் 1893-ல் பத்திரிகை ஆரம்பித்து அதற்குப் 'பறையன்' என்றே பேர் வைத்தார். எதைச் சொல்லித் திட்டினானோ அதையே மேலே அச்சடித்தார். அயோத்திதாசருக்கு அது பிடிக்கவில்லை. அந்தப் பேர் எதிரி வைத்தது, நாம் பூர்வ பௌத்தர்கள் என்றார். 1907-ல் அவர் நடத்தின பத்திரிகைக்கு 'ஒரு பைசாத் தமிழன்' என்று பேர். ஒருவர் பேரைத் திருப்பிப் பிடித்தார், இன்னொருவர் பேரை உதறினார். இரண்டு பேரும் நம்மவர்கள். இரண்டும் விடுதலைக்கான வழி.

தப்புக்கும் இதேதான். முடிவு அடிக்கிறவன் கையில் இருக்க வேண்டும். ஊர்ச் சாவுக்கு மாட்டேன் என்று சொல்ல முடிந்த பிறகுதான் மேடையில் அடிப்பது கலை. மறுக்கிற உரிமை இல்லாத இடத்தில் வாசிப்பது சேவகம். கேஸ்ட்லெஸ் கலெக்டிவ் மேடையில் நிற்கிற பறைக்காரன் அங்கே நிற்க விரும்பி நிற்கிறான். ஊர்ச் சாவில் நிற்கிறவன் அப்படி நிற்கவில்லை. சத்தம் ஒன்றாக இருக்கலாம். அரசியல் வேறு.

*

சரி, மேடைக்கு வந்தாயிற்று. படத்துக்குள்ளும் வந்தாயிற்று. இனிமேல் கேட்க வேண்டியது கூலியும் பேரும்.

காப்புரிமைச் சட்டத்தை 2012-ல் திருத்தினார்கள். இசையமைப்பாளருக்கும் பாடலாசிரியருக்கும் ராயல்டி பங்கை எழுதி வாங்கிப் பிடுங்க முடியாது என்று ஆனது. நல்லது. வாசிக்கிறவர், பாடுகிறவர், ஆடுகிறவர் என்று 'நிகழ்த்துநர்'களுக்கும் ராயல்டி உரிமை எழுதினார்கள். அதுவும் நல்லது. ஆனால் அதே திருத்தத்தில், நிகழ்த்துநர் என்றால் யார் என்று சொல்கிற இடத்தில் ஒரு வாலைச் சேர்த்திருக்கிறார்கள். திரைப்படத்தில் ஒருவருடைய பங்கு தற்செயலானதாகவோ இடையில் வந்துபோவதாகவோ இருந்து, தொழில் வழக்கப்படி டைட்டில் உட்பட எங்கேயும் அவர் பேர் போடாமல் இருந்தால், அவரை நிகழ்த்துநராகவே கருத வேண்டியதில்லை. செய்ததைச் சிதைத்தால் கேட்கிற உரிமை மட்டும் அவருக்கு மிச்சம்.

புரிகிறதா? தப்புக்காரன் பேரைப் போடாதது தொழில் வழக்கம். பேர் போடாததால் அவன் நிகழ்த்துநர் இல்லை என்று சொல்லிவிடலாம். நிகழ்த்துநர் இல்லாததால் ராயல்டி இல்லை. மறுபடியும் 'வழக்கம்'! ஊரில் எந்தச் சொல்லைச் சொல்லி நெல்லைக் குறைத்தானோ, அந்தச் சொல் கோட்டு மாட்டிக்கொண்டு சட்டப் புத்தகத்துக்குள் வந்து உட்கார்ந்திருக்கிறது. டைட்டிலில் பேர் போடுங்கள் என்று கேட்பது மரியாதைக்காக இல்லை தோழர்களே. பேர்தான் பத்திரம். பேர்தான் பட்டா.

அமெரிக்காவில் நடந்ததைக் கேளுங்கள். 1969-ல் 'தி வின்ஸ்டன்ஸ்' என்ற குழுவின் ஒரு பாட்டில் கிரெகரி கோல்மன் என்ற கறுப்பினத் தோழர் ஏழு வினாடிபோல் தனியாக டிரம்ஸ் வாசித்தார். பிற்பாடு அந்த ஏழு வினாடியை வெட்டி எடுத்து ஆயிரக்கணக்கான பாட்டுகளில் ஒட்டினார்கள். உலகத்திலேயே அதிகம் எடுத்தாளப்பட்ட அடிகளில் அது ஒன்று. கோல்மனுக்கு அதிலிருந்து ராயல்டி வரவில்லை. 2006-ல் வீடு வாசல் இல்லாமல் செத்தார். சேரியின் அடி கீபோர்டுக்குள் போகிற இந்தக் காலத்தில் இது வெறும் வெளிநாட்டுக் கதை இல்லை.

நம்ம வீட்டுக் கதையும் இருக்கிறது. 2021 மார்ச்சில் 'எஞ்ஜாயி எஞ்சாமி' வந்தது. தெருக்குரல் அறிவு, தீ பாட, சந்தோஷ் நாராயணன் இசைத் தயாரிப்பு. சினிமாவுக்கு வெளியே வந்த, சுயாதீனம் என்று கொண்டாடப்பட்ட பாட்டு. தேயிலைத் தோட்டத்தில் உழைத்துவிட்டு நிலம் இல்லாமல் திரும்பின அறிவின் பாட்டி வள்ளியம்மாளின் வாழ்க்கையிலிருந்து பிறந்தது. அந்த ஆகஸ்டில் ஓர் ஆங்கில இசைப் பத்திரிகை அட்டையில் அறிவைக் காணோம். ரஞ்சித் கேட்ட பிறகு தனியாக ஓர் இணைய அட்டை போட்டார்கள். 2022-ல் செஸ் ஒலிம்பியாட் மேடையில் அந்தப் பாட்டு ஒலித்தது, அறிவு அங்கே இல்லை. நானே இசையமைத்தேன், எழுதினேன், பாடினேன் என்று அறிவு சொன்னார். எல்லோரும் சேர்ந்து செய்ததுதான் என்று மற்ற இருவரும் சொன்னார்கள். 2024-ல் சந்தோஷ் நாராயணன், வெளியிட்ட நிறுவனத்திடமிருந்து எங்களில் யாருக்கும் ஒரு பைசா வரவில்லை என்றார். யார் எவ்வளவு செய்தார் என்று தீர்ப்பு எழுத நான் வரவில்லை. நிலம் இல்லாதவளைப் பற்றின பாட்டுக்கே பட்டா யார் பேரில் என்று தகராறு வந்தது பாருங்கள், அதைத்தான் சொல்கிறேன். 'சுயாதீனம்' என்று பலகை மாட்டினால் மட்டும் பண்ணை ஒழியாது.

தென்மாவுக்கும் இதே தராசுதான். நாளைக்கு வரப்போகிற எல்லா தலித் இசையமைப்பாளருக்கும் இதே தராசு. நம்ம ஆள் டைட்டிலில் 'இசை' என்று மேலே வந்துவிட்டால் போதாது. கீழே கையடிபட்டவன் பேர் ஒவ்வொன்றாக வர வேண்டும். தோலைத் தீயில் காட்டினவன் பேரும் வர வேண்டும்.

*

கடைசியாக நம்ம ஊருக்கு வருவோம். ஆகஸ்ட் 29 கொடியேறும், செப்டம்பர் 8 வரைக்கும் திருவிழா. காவி கட்டி, மாதா படத்தைச் சின்ன வண்டியில் வைத்து இழுத்துக்கொண்டு லட்சக்கணக்கான பேர் நடந்து வருகிறார்கள். அந்த நடையில் சேரிக்காரனின் கால் எத்தனை! அவனுக்கு மதம் மாறினதும் சலுகை போயிற்று, சாதி போகவில்லை. 1950-ன் ஜனாதிபதி ஆணை கிறிஸ்தவ தலித்தைப் பட்டியல் சாதி இல்லை என்கிறது. பல ஊரில் கல்லறைச் சுவர் அவனைப் பட்டியல் சாதிதான் என்கிறது.

இரண்டாம் வத்திக்கான் சங்கம் (1962–65) வட்டார இசைக்குக் கதவைத் திறந்தது. திறந்த கதவு வழியாக உள்ளே முதலில் போனது எது? வீணையும் மிருதங்கமும். 'தமிழ் இசை' என்றால் அதுதான் என்று சாமியார்களும் நம்பினார்கள். பறையை வாசலில் நிறுத்தினார்கள். மதுரை இறையியல் கல்லூரியில் பரட்டை என்ற தியாபிலஸ் அப்பாவு (1940–2005) அதை எதிர்த்து நாட்டுப்புற மெட்டில், சேரிப் பேச்சில், வழிபாட்டையே எழுதினார். திண்டுக்கல்லில் சகோதரி சந்திரா ஆரம்பித்த சக்தி கலைக்குழுவில் தலித் பெண்கள் பறை எடுத்தார்கள். சாவுக்குக்கூடப் பெண் அடிக்கக் கூடாது என்று இருந்த கருவியைப் பெண்கள் எடுத்து ஆடினார்கள். அவர்களை வைத்து ஜோ ஷெரினியன் ஓர் ஆவணப்படமே எடுத்தார். அந்தப் படத்தின் இசை எது? பெண்கள் அடிக்கிற அடிதான் இசை. பின்னணி என்று ஒன்று தனியாக இல்லை.

மராட்டியத்தில் விலாஸ் கோக்ரே இருந்தார். ஆனந்த் பட்வர்தனின் 'பம்பாய் நம் நகரம்' (1985) ஆவணப்படத்தில் பாடின தலித் பாடகர். 1997 ஜூலையில் ரமாபாய் நகரில் போலீஸ் சுட்டு பத்துப் பேர் செத்ததைத் தாங்காமல் தூக்கில் தொங்கினார். அவரிலிருந்து ஆரம்பித்து 14 வருஷம் படம் பிடித்து 'ஜெய் பீம் காம்ரேட்' 2011-ல் வந்தது. சுயாதீனப் படத்தின் இசை என்றால் இப்படியும் இருக்கிறது. பாடினவன் பேரைச் சொல்லியே படம் தொடங்குகிறது.

டெல்டாவுக்கும் அப்படி ஒரு படம் வேண்டும். டெல்டா என்றால் திருவையாறு, டெல்டா என்றால் தவில், டெல்டா என்றால் பச்சை வயல் மேல் புல்லாங்குழல் என்று இன்னும் எத்தனை நாள்? வெண்மணிக்கும் வேளாங்கண்ணிக்கும் நடுவில் எத்தனை சேரி, அத்தனை தப்புச் செட்டு. எடுக்கிறவர்கள் இங்கே வந்து எடுங்கள். சென்னையில் சாம்பிள் தேடாதீர்கள். கூலியை முன்னால் பேசுங்கள், எழுத்தில் பேசுங்கள். மாட்டேன் என்றால் 'திமிர்' என்று சொல்லாதீர்கள். காதல் காட்சிக்கும் எங்க தப்பைக் கூப்பிடுங்கள், படிக்கிற பையன் காட்சிக்கும் கூப்பிடுங்கள். ராயல்டியில் பங்கு எழுதுங்கள். டைட்டிலில் 'மற்றும் குழுவினர்' என்று முடிக்காதீர்கள். அந்த 'மற்றும்' என்கிற சொல்லுக்குள் 44 பேரை வைத்து எரிக்கலாம்.

அடித்தது நாங்கள். காய்ச்சினது நாங்கள். மறுத்து அடிபட்டதும் நாங்கள். பேரை எழுதுங்கள். எழுதாத படம் எதுவாக இருந்தாலும், அதற்கு எவ்வளவு பெரிய மேதை இசை அமைத்திருந்தாலும், தப்பு எங்களுடையது இல்லை. உங்களுடையது.